சாசர் வைத்த கோப்பை

1932 மே 3, செவ்வாய்

கிள்ளானிலிருந்து வந்த விறகு முழுவதும் ஈரம். பக்காவ் என்னும் சதுப்பு மரக் கட்டையை நகத்தால் கீறினாலே நீர் கசிகிறது. தொங்கான் படகில் ஏற்றிவரும் சீனனிடம், இது விறகா கீரைத்தண்டா என்று கேட்டேன். சிரித்தான். அது எனக்கு உறுத்தவில்லை. வியாபாரத்தில் எவன் சிரித்தாலும் உறுத்துவதில்லை.

உறுத்துவது வேறு. காலையில் ஸ்டேஷன் பக்கம் பள்ளிக்கூட வாத்தியாரைக் கண்டு வணக்கம் சொன்னேன். பதில் இல்லை. அவர் கை மேலே எழுந்தது, பிறகு காதைச் சொறிந்தது. வணக்கத்துக்காக எழுந்த கைதான் என்னைக் கண்டதும் காதுக்குத் திரும்பியதா? இல்லை, உண்மையிலேயே காது அரித்ததா? மத்தியானச் சோறு தொண்டையில் இறங்கும்வரை இதே யோசனை.

நாற்பத்தாறு வயது. மூன்று மாட்டுவண்டி ஓடுகிறது. பிரிக்பீல்ட்ஸில் முக்கால்வாசி அடுப்பு என் விறகுத் தொட்டிச் சரக்கில்தான் எரிகிறது. ஒருவன் காதைச் சொறிந்ததற்கு எனக்கு ஒரு நாள் போகிறது.

மே 8, ஞாயிறு

அப்துல் ஜலீல் ராவுத்தர் வந்தார். சாப்பாட்டுக் கடை வைத்திருப்பவர். பதினைந்து வருஷமாக அவர் கடை அடுப்புக்கு விறகு போடுகிறேன், அவர் எனக்கு உள்ளதைச் சொல்கிறார். அந்தக் கணக்கு சரியாகப் போகிறது.

"ரெங்கசாமிண்ணே, ஒங்க பொண்ணுக்கு ஒரு எடம் வந்துருக்கு. நம்ம வீட்டுக்கு அடுத்த வீடு. ரயில்வே கூட்ஸ் ஆபீசுல கணக்கெழுதுற கிராணி இராமலிங்கம். மகன் வேலாயுதம் ஆஸ்பத்திரில டிரெஸ்ஸரு. அவங்களாத்தான் கேட்டாங்க, நான் ஒண்ணும் போய்ச் சொல்லல."

அவங்களாகவா? ஏன்?

"ஏன்னா என்னண்ணே அர்த்தம். பொண்ணு நல்ல பொண்ணு."

"நான் ரப்பர் தோட்டத்துல பால்மரம் வெட்டுனவன்னு தெரியுமா அவங்களுக்கு?"

"பிரிக்பீல்ட்ஸ்ல நாய்க்கும் தெரியும்ணே அது."

புஷ்பவல்லிக்கு இருபத்திரண்டு முடியப் போகிறது. முன்னே இரண்டு இடம் வந்து, 'தோட்டத்து ஆளா' என்று கேட்டுவிட்டு வந்த வழியே போனது. சாதி ஒன்றுதான், குலம் ஒன்றுதான், ஆனாலும் கூலி லயத்தின் ஒற்றைக் காம்பரா அறையில் வளர்ந்தவன் என்றால் மூக்கு சுளிக்கிறது. இதுவும் போனால் நாலாவது வராது. அவளிடம் விவரத்தைச் சொல்லி முடிக்கும் முன்பே "சரிப்பா" என்றாள். போன வருஷம் கையில் எண்ணெய் கொட்டி ஆஸ்பத்திரிக்குப் போனபோது கட்டுப் போட்டவன் அவன்தானாம். என் மனைவி நல்லம்மாள் பிறகு சொன்னாள்.

மே 22, ஞாயிறு

கிராணி வீட்டுக்குப் போய்வந்தோம். நான், நல்லம்மாள், ராவுத்தர்.

அந்தக் குவார்ட்டர்ஸின் கொல்லைக் கதவு எனக்குப் பழக்கம். ஆரம்பத்தில் நானே தலைச்சுமையாக விறகு இறக்கிய வீடு, அப்போது வேறு கிராணி குடியிருந்தார். எந்த வீட்டையும் நான் பின்பக்கத்திலிருந்துதான் அறிவேன். முன்வாசலுக்கு எத்தனை படி என்று இன்றுதான் தெரிந்தது. மூன்று.

சப்பாத்தைக் கழற்றினால் காலுறையில் ஓட்டை. கட்டைவிரலை மடக்கிக்கொண்டே நடந்தேன். இராமலிங்கம் எழுந்து வந்து "வாங்க முதலாளி" என்றார். ஒல்லியான ஆள், குரல் தணிந்து வருகிறது. பையன் அடக்கம். "விறகு தூக்குற ஆளுங்களுக்குத் தோள்ல புண் வருமே, என்ன போடுவீங்க?" என்று கேட்டான். தேங்காயெண்ணெய் என்றேன். வேறு மருந்து ஒன்று சொன்னான். எனக்கு அவனைப் பிடித்துவிட்டது.

அப்புறம்தான் காப்பி வந்தது. கிராணியின் மனைவி சீதாலெட்சுமி தட்டில் கொண்டுவந்தார். கிராணிக்கு வெண்கல டம்ளர். மகனுக்கு வெண்கல டம்ளர். ராவுத்தருக்கு வெண்கல டம்ளர். எனக்குப் பீங்கான் கோப்பை. நீலப் பூப் போட்டது, அடியில் சாசர்.

குடித்தேன். என்ன குடித்தேனோ. 'நல்லாயிருக்கும்மா' என்று சொன்னேன் என்று நினைக்கிறேன்.

நான் வளர்ந்த காப்பார் தோட்டத்தில், தோட்டத்துக் கிராணி வீட்டுக் கொல்லைச் சுவரில் ஆணி அடித்து ஒரு பீங்கான் கோப்பை தொங்கும். விளிம்பு உடைந்தது. லயத்து ஆள் யார் போனாலும் அதில்தான் ஊற்றுவார்கள். பித்தளையும் வெண்கலமும் தேய்த்தால் சுத்தமாகிவிடும், பீங்கான் ஆகாதாம், அதனால் அது நமக்கு. குடித்துவிட்டு நாமே கழுவிக் கல்லில் கவிழ்த்துவிட்டு வரவேண்டும். பத்து வயதில் எத்தனை தடவை கழுவினேன். கை மறக்கவில்லை.

மே 23, திங்கள்

ராவுத்தருக்கு டம்ளர். எனக்குக் கோப்பை.

மே 24, செவ்வாய்

நல்லம்மாளிடம் சொல்லியே விட்டேன். அவள் புளி கரைத்துக்கொண்டிருந்தாள்.

"எனக்கு டம்ளர்லதான் குடுத்தாங்க. உள்ள கூடவே ஒக்கார வெச்சு முறுக்கு தந்தாங்க. எனக்கு இல்லாத தீட்டு ஒங்களுக்கு மட்டும் எங்கேருந்துங்க வந்துச்சு?"

"நீ தோட்டத்துல பொறந்தவ இல்ல. நீ ஊர்லேருந்து வந்தவ."

"ஆணில தொங்குன கோப்பைக்கு சாசர் இருந்துச்சா?"

இல்லைதான். இதை யோசித்துப் பார்த்தேன். சாசர் எதற்கு? என் கோப்பையிலிருந்து சிந்துவது அவர்கள் தட்டில் பட்டுவிடக் கூடாது என்பதற்கு. நாகரிகமாகச் செய்கிறார்கள், அவ்வளவுதான் வித்தியாசம். தோள் புண்ணைப் பற்றி அந்தப் பையன் கேட்டது? ஆயிரம் பேச்சு இருக்க, கூலிக்காரன் புண்ணைப் பற்றி என்னிடம் ஏன்?

அதிகமாகப் போகிறேனோ? கட்டையைத் தட்டினால் ஈரமா காய்ந்ததா என்று சத்தத்தில் சொல்லிவிடுவேன். மனிதனைத் தட்டிப் பார்க்க வழி தெரியவில்லை.

மே 30, திங்கள்

வருகிற ஞாயிறு பெண் பார்க்க வருகிறார்களாம். ராவுத்தர் சொல்லிவிட்டுப் போனார். வீடு மெழுகும் வேலை ஆரம்பமாகிவிட்டது. புஷ்பவல்லி பாட்டு முணுமுணுக்கிறாள். அவள் பாடி நான் கேட்டதே இல்லை.

அவமானப்படுத்த நினைத்தவன் எதற்குப் பெண் கேட்டு வருகிறான்? இந்தக் கேள்விக்கும் பதில் வைத்திருக்கிறேன். என் பெண் வேண்டும், என் தொட்டி வேண்டும், என் வாய் பட்ட பாத்திரம் மட்டும் வேண்டாம்.

ஜூன் 5, ஞாயிறு

வந்தார்கள், போனார்கள்.

நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன். கிராணி, மனைவி, மகன், ராவுத்தர். பெண் வந்து கும்பிட்டாள். சீதாலெட்சுமி அவளைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு, கையிலிருந்த பழைய தழும்பைத் தடவிப் பார்த்து, "நம்ம தம்பி போட்ட கட்டுதானா இது, பரவால்ல, நல்லா ஆறியிருக்கு" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்திருப்பேன்.

காப்பி எடுக்கப் புஷ்பவல்லி உள்ளே போனபோது நானும் பின்னால் போனேன். வெள்ளி டம்ளர் நாலு எடுத்து வைத்திருந்தாள். ஒன்றை எடுத்துவிட்டு, விறகுத் தொட்டிப் பக்கம் ஆணியில் தொங்கிய எனாமல் குவளையைக் கொண்டுவந்து வைத்தேன். "இது மாப்பிள்ளையோட அப்பாவுக்கு."

"அப்பா, இது வண்டிக்காரங்க குவளை."

"தெரியும். கொண்டு போய்க் குடு."

என் முகத்தைப் பார்த்தாள். பிறகு கழுவினாள். கழுவிக்கொண்டே இருந்தாள். ஊற்றிக் கொண்டுபோய்க் கொடுத்தாள்.

இராமலிங்கம் குவளையைப் பார்த்தார். மற்றவர் கையிலிருந்த வெள்ளியைப் பார்த்தார். கடைசியில் என்னைப் பார்த்தார். நான் கண்ணை எடுக்கவில்லை. மடக் மடக்கென்று குடித்தார். எழுந்து பக்கவாட்டுக் குழாயடிக்குப் போய், குவளையைக் கழுவிக் கல்லில் கவிழ்த்துவிட்டு வந்தார். "காப்பி நல்லாயிருந்துச்சும்மா" என்று என் மகளிடம் சொன்னார். அவர் மனைவியின் முகம் செத்துப்போயிருந்தது. சொல்லி அனுப்புகிறோம் என்று கிளம்பினார்கள்.

கணக்கு நேராகிவிட்டது. அப்படித்தான் இருக்கிறது. அப்படித்தான் இருக்க வேண்டும்.

ஜூன் 7, செவ்வாய்

சாம்பாரில் உப்பு இல்லை. கேட்கவில்லை.

ஜூன் 9, வியாழன்

ராவுத்தர் வந்தார். உட்காரச் சொன்னேன். உட்காரவில்லை.

"வேணாம்னு சொல்லிட்டாங்க. பையனுக்கு வேணாங்க மனசே இல்ல, அப்பாவுக்காகச் சரின்னுட்டான். நான் கேக்குறேண்ணே, என்ன புத்தி ஒங்களுக்கு? சபையில வெச்சு அந்த மனுசனுக்கு வண்டிக்காரன் குவளையா?"

"எனக்கு மட்டும் அவங்க வீட்டுல கோப்பை குடுத்தாங்களே. நீங்க பக்கத்துலதான இருந்தீங்க?"

"எந்தக் கோப்பை?"

"பீங்கான் கோப்பை. ஒங்களுக்கெல்லாம் டம்ளர். எனக்கு மட்டும் அது."

ராவுத்தர் என்னைப் பார்த்தார். பிறகுதான் விறகுக் கட்டின் மேல் உட்கார்ந்தார்.

"அண்ணே, அது எங்க வீட்டுக் கோப்பை. சீதாலெட்சுமி அக்கா மொத நாளே வந்து நம்ம வீட்டுல எரவல் கேட்டாங்க. 'பெரிய வியாபாரி, தொரைமாரு ஆபீசுக்கெல்லாம் போயி வர்றவரு, அவருக்குப் போயி இந்தச் சொட்டை டம்ளர்ல எப்படிக் குடுக்குறது'ன்னு. பினாங்கிலேருந்து வாங்கியாந்த செட்டு, ஆறுல நாலு ஒடஞ்சு போச்சு, ஒண்ணுல கீறல். நல்லது ஒண்ணே ஒண்ணுதான் இருந்துச்சு. அத ஒங்களுக்கு வெச்சாங்க. எங்களுக்கு வீட்டு டம்ளரு. நாங்க வீட்டு ஆளுங்கதான."

ராவுத்தர் விடவில்லை.

"துலுக்க வீட்டுக் கோப்பைய வாங்கி சம்பந்திக்குக் காப்பி குடுக்குற பொம்பளைக்குத் தீட்டு பாக்கத் தெரியுமாண்ணே? அத யோசிச்சிருக்கலாம்ல நீங்க. ஒங்களுக்குத்தான் எல்லாத்தையும் யோசிக்க வருமே."

"இப்பப் போயி சொன்னா?"

"எதச் சொல்லுவீங்க? நீங்க மரியாதை பண்ணுனத நான் அவமானம்னு நெனச்சு, வேணும்னே அவமானப்படுத்துனேன்னா? அதுக்கு இதுவே தேவலாம்."

போய்விட்டார். திரும்பினால் புஷ்பவல்லி கதவோரம் நிற்கிறாள். எல்லாம் கேட்டிருக்கிறாள்.

"அன்னிக்கே சொன்னேன்லப்பா, அது வண்டிக்காரங்க குவளைன்னு."

அவ்வளவுதான் சொன்னாள். ஞாயிற்றுக்கிழமையிலிருந்து கல்லில் கவிழ்ந்தே கிடந்த குவளையை எடுத்துப்போய் ஆணியில் மாட்டினாள்.

என்ன காரியம் பண்ணிட்டேன். ஒரு வார்த்தை கேட்டிருந்தா போதும். "எனக்கு மட்டும் ஏம்மா கோப்பை?" அஞ்சு சொல்லு கூட இல்ல. அத்தனை பேரத்துக்கு வாயத் தொறக்கறவன், இதுக்கு மட்டும் வாயி எங்க போச்சு?

ஜூன் 10, வெள்ளி

மத்தியானம் குவளையைத் தரையில் அடித்தேன். எனாமல் உடையாது. ஓரத்தில் கொஞ்சம் பெயர்ந்தது, அவ்வளவுதான். வண்டிக்காரன் எடுத்துத் துடைத்து அதிலேயே தண்ணீர் மொண்டு குடித்தான்.

அவன் குடிப்பதைப் பார்த்தபோது ஒன்று உறைத்தது. இராமலிங்கம் குவளை கழுவியதை ஐந்து நாளாக நினைத்துக்கொண்டிருக்கிறேன், பார்க்க வேண்டியதைப் பார்க்கவில்லை. கட்டைவிரலை உள்விளிம்பில் ஒரு சுற்று ஓட்டினார். மூன்று தடவை அலசினார். கல்லில் நேராகக் கவிழ்க்கவில்லை, தண்ணீர் வடியட்டும் என்று ஓரம் தூக்கிச் சாய்த்து வைத்தார்.

அப்படித்தான் எங்களுக்குச் சொல்லிக் கொடுப்பார்கள். நேராகக் கவிழ்த்தால் உள்ளே ஈரம் நிற்கும், கிராணி வீட்டு அம்மா திட்டுவாள். கிராணி வீட்டில் பிறந்தவனுக்கு இது தெரியாது. டம்ளரை வைத்த இடத்தில் விட்டுவிட்டு எழுந்து போகத்தான் அவனுக்குத் தெரியும்.

ஆணியில் தொங்கிய கோப்பை அவருக்கும் ஏதோ ஒரு கொல்லையில் இருந்திருக்கிறது.

ஜூன் 14, செவ்வாய்

கூட்ஸ் ஆபீசுக்குப் போனேன். வேகன் விசாரிக்க வண்டிக்காரனை அனுப்பினாலே போதும். நானே போனேன். வழியில் மனதுக்குள் மூன்று விதமாகச் சொல்லிப் பார்த்தேன். 'கிராணியார் மன்னிக்கணும்' என்று தொடங்கினால் பக்கத்தில் இருப்பவர்கள் திரும்புவார்கள். 'தனியா ஒரு வார்த்தை' என்றால் வியாபாரத்துக்கு ஏதோ கையில் கொடுக்க வந்ததாக நினைப்பார்கள். ஒன்றும் சொல்லாமல் கும்பிட்டு நின்றால்?

ஜன்னலில் என் முறை வந்தது. அவர்தான் இருந்தார்.

"என்ன வேணும்ங்க?"

முதலாளி என்ற வார்த்தை இல்லை. கோபமும் இல்லை. எல்லாருக்கும் வரும் 'ங்க' எனக்கும் வந்தது.

"போர்ட் சுவெட்டன்ஹாமிலேருந்து... விறகு வேகன்..."

ஏட்டைப் புரட்டினார். "நாளைக்குக் காலையில வந்துரும்."

"சரிங்க."

பின்னால் நின்ற சீனன் முழங்கையால் தள்ளினான். வந்துவிட்டேன்.

ஜூலை 19, செவ்வாய்

ஆடி பிறந்துவிட்டது. கல்யாணப் பேச்சு எடுக்க முடியாத மாதம். எங்கள் வீட்டுக்கு அது ஒரு வசதி.

பள்ளிக்கூட வாத்தியார் இன்று எதிரே வந்து தானாகவே வணக்கம் சொன்னார். அவருக்கு இடது காது மந்தமாம். ரொம்ப நாளாகச் சீழ் வைத்து அரிப்பு. பதில் வணக்கம் சொல்லவே எனக்குக் கூசியது.

ஆகஸ்ட் 21, ஞாயிறு

ராவுத்தர் இரண்டு மாதம் கழித்துத் தொட்டிக்குள் காலை வைத்தார். வேலாயுதத்துக்குச் சிரம்பானில் பெண் நிச்சயமாகிவிட்டது. ஸ்டேஷன் மாஸ்டர் மகள். ஆவணியிலேயே முகூர்த்தம்.

நான் கேட்டேன். "இராமலிங்கம் எந்தத் தோட்டம்?"

"ஒங்களுக்கு எப்படித் தெரியும்?"

"கேட்டதுக்குச் சொல்லுங்க."

"ரவாங் பக்கம். அவரோட அப்பா தோட்டத்துல மாடு மேச்சவராம். ஒரு சாமியார் இவரப் பள்ளிக்கூடத்துல சேத்துவிட்டிருக்காரு. ஆபீசுல யாருக்கும் தெரியாது. ஒங்க பொண்ணக் கேட்டு வந்தப்பத்தான் எங்கிட்ட வாயத் தொறந்தாரு. 'அந்த வீட்டுல என் மகன் குனிஞ்சு நிக்க வேண்டியதில்ல, அவரும் என்ன மாதிரி ஏறி வந்தவரு'ன்னாரு."

எழுந்துகொண்டே, "ஸ்டேஷன் மாஸ்டருக்குத் தெரியாது. நீங்களும் எங்கயும் சொல்லிடாதீங்க" என்றார்.

யாரிடம் சொல்லப் போகிறேன்.

செப்டம்பர் 1, வியாழன்

கல்யாணச் சமையலுக்கு மூன்று வண்டி விறகு வேண்டுமென்று சமையல்காரர் வந்து சொன்னார். "கிராணியார் காஞ்சதாப் பாத்துக் கேட்டாரு." வேறு எதுவும் சொன்னாரா? "வேற என்னங்க சொல்லணும், விறகுக்கு?"

காஞ்சதாப் பாத்து. இதில் குத்தல் இருக்கிறதா? வேண்டாம். விறகு காய்ந்துதான் இருக்க வேண்டும். அவ்வளவுதான் இதில் இருக்கிறது.

செப்டம்பர் 3, சனி

காலையிலேயே நானே கட்டை கட்டையாகத் தட்டிப் பொறுக்கினேன். மழை படாத அடுக்கிலிருந்து, பட்டை உரிந்ததாக. மூன்றாவது வண்டியோடு நானும் போனேன். கொல்லைப் பக்கம் இறக்கச் சொன்னேன்.

பந்தல் போட்டாகிவிட்டது. சிரம்பான்காரர்கள் மத்தியான ரயிலில் வந்து இறங்கியிருந்தார்கள். கொல்லையில் பத்துப் பெண்கள் காய் நறுக்குகிறார்கள். சீதாலெட்சுமி என்னைப் பார்த்தார். ஒரு கணம் நின்றார். பிறகு, "வாங்கண்ணே. வெயில்ல வந்திருக்கீங்க, இருங்க" என்று உள்ளே போனார்.

காப்பி வந்தது. எனக்கும், வண்டிக்காரர் மூன்று பேருக்கும், சமையல்காரருக்கும். எல்லாருக்கும் வெண்கல டம்ளர். விளிம்பில் சொட்டை விழுந்தது, ஓரம் கறுத்தது. அன்றைக்கு எனக்கு வரவில்லையே என்று நான் பதினான்கு நாள் வெந்த அதே டம்ளர்.

கையில் வாங்கியபோது சீதாலெட்சுமி இன்னொரு தட்டோடு என்னைத் தாண்டி முன்கூடத்துக்குப் போனார். தட்டில் ஒன்றே ஒன்று. நீலப் பூப் போட்ட கோப்பை, அடியில் சாசர். சிந்திவிடக் கூடாதென்று மெல்ல நடந்தார். கூடத்திலிருந்து இராமலிங்கத்தின் குரல் கேட்டது. "சம்பந்திக்குக் குடும்மா முதல்ல."

நான் குடித்தேன். குழாயடிக்குப் போய்க் கழுவினேன். கல்லில் சாய்த்துக் கவிழ்த்தேன். காய் நறுக்கும் பெண் ஒருத்தி, "வெச்சிருங்கண்ணே, நாங்க கழுவிக்கிறோம்" என்றாள். பழக்கம் என்றேன்.

வீட்டுக்கு வந்தேன். புஷ்பவல்லி அரிசி புடைத்துக்கொண்டிருந்தாள். நிமிராமல் கேட்டாள்.

"வெறகு காஞ்சிருந்துச்சாப்பா?"

"காஞ்சிருந்துச்சு."

"சரி" என்றாள். முறத்தில் கல் பொறுக்கினாள்.